முடிப்பான் பூத்த மதியம்

பொழுது எங்கே விளைகிறது என்று கேட்டால் கடிகாரத்தில் என்பீர்கள். உங்களைச் சொல்லிக் குற்றமில்லை, கண்ணுகளா. கடிகாரம் விளைந்த பொழுதைக் காட்டும், அவ்வளவுதான் அதன் வேலை. இந்தக் கதை நடந்த ஊரில் பொழுதைக் காட்டில்தான் வளர்த்தார்கள். ஊரை ஒட்டிய குன்றின் மேல் அடர்ந்த காடு. காட்டுக்குள் தகரக் கூரை போட்ட நீளக் கொட்டகை. அதில் பொழுதுக்காரர்கள் என்று ஒரு கூட்டம். விடியல் ஒரு கொடி. அதற்கு நீர் ஊற்றினால் ஊரில் விடியும். காத்திருப்பு ஒரு முள்செடி. பேச்சுக்கு நடுவில் சட்டென்று விழுகிற அமைதி இருக்கிறதே, அது ஈரக்கல்லில் படர்ந்த பாசி. ஊர்க்காரர்களுக்கும் இதெல்லாம் தெரியும். குழாயில் தண்ணீர் வராவிட்டால் அலுவலகத்துக்குப் போய்ச் சத்தம் போடுவோமே, அதுபோலச் சாயங்காலம் சரியாக வராவிட்டால் காட்டுக்கு ஏறி வந்து சத்தம் போடுவார்கள்.

அந்தக் கூட்டத்தில் ஒரு வழக்கம் உண்டு. எந்தச் செடி யாருக்குப் பிடிக்காதோ, அவர் கையில்தான் அதைக் கொடுப்பார்கள். எந்தக் காலத்திலோ சாயங்காலத்தின் மேல் உயிரையே வைத்திருந்த ஒருவர் அந்தச் செடிக்குச் சாணமும் சாம்பலும் அள்ளி அள்ளிப் போட்டாராம். ஊரில் சாயங்காலம் கொழுத்துப்போய்ப் பிள்ளைகள் விளையாடிய இடத்திலேயே சுருண்டு தூங்கினார்களாம். அடுப்பு மூட்டும் நேரம் வந்து சேரவே இல்லையாம். ஆசை வைத்த கை செடியைக் கெடுக்கும் என்று அன்றைக்கு முடிவு கட்டினார்கள். அதனால் விடியல் கொடி தூங்குமூஞ்சியிடம். "வந்து தொலை" என்று திட்டிக்கொண்டே நீர் ஊற்றுவார். காத்திருப்புச் செடி அவசரம் என்று பேர் எடுத்தவரிடம். கூட்டத்துக்குத் தலைவி பெரியக்கா, ஓயாமல் பேசுகிறவள், அமைதிப் பாசியைப் பார்த்துக்கொண்டாள். பாசிக்குப் பக்கத்தில் போனால் வாயைப் பொத்திக்கொள்ள வேண்டும், அதுதான் அவளுக்குத் தண்டனை.

முடிப்பான் என்ற செடி மூக்கியிடம் வந்தது.

மூக்கி என்று பேர் வைத்தது அவசரம்தான். அவள் கூட்டத்தில் சேர்ந்த அன்று சாப்பாட்டுத் தட்டை முகர்ந்து பார்த்தாள். போர்வையை முகர்ந்து பார்த்தாள். கடைசியில் அவசரம் பக்கத்தில் வந்து உட்கார்ந்தபோது மெல்ல நகர்ந்துகொண்டாள். "ஏம்மா, குளிச்சிட்டுத்தான் வந்தேன்" என்றார் அவர். "சோப்பு பழசு அண்ணே" என்றாள். கொட்டகையே சிரித்தது. ஈரத்துணியை வாளியில் ஒரு ராத்திரி விட்டால் காலையில் அவளுக்குத் தலை சுற்றும். அடுத்த வீட்டில் பால் திரிந்தால் இவள் ஜன்னலைச் சாத்துவாள். அப்படி ஒரு மூக்கு.

முடிப்பானோ, தரையோடு தரையாகப் பரவுகிற தடித்த கொடி. அதன் பூ ஈரல் நிறம். இதழ் இதழாக இல்லை, சதையாக இருக்கும். தொட்டால் வழுவழுவென்று ஒட்டும். மலர்ந்தால், அலமாரிக்குப் பின்னால் எலி செத்து ஒரு வாரம் ஆனது போல நாறும். காட்டு ஈக்கள் எல்லாம் அதன் மேல்தான். ஊரில் எதுவெல்லாம் முடிகிறதோ, அதெல்லாம் அந்தப் பூ மலர்ந்துதான் முடிந்தது. சண்டை முடிவது, காய்ச்சல் விடுவது, தையலில் கடைசி முடிச்சு விழுவது, மூச்சு நிற்பது எல்லாம். மலரும்போது வளர்ப்பவர் பக்கத்திலேயே உட்கார்ந்திருக்க வேண்டும், ஈயை விரட்டக் கூடாது, பூ வாடி விழும்வரை எழுந்திருக்கக் கூடாது. அதுதான் முறை. முன்பு அதைப் பார்த்துக்கொண்டவர் தன் மகளோடு போய் இருக்கப் போகிறேன் என்று மூட்டையைக் கட்டியதும், பெரியக்கா வேறு யாரையும் யோசிக்கக்கூட இல்லை.

முதல் மொட்டு வெடிக்கிற சமயம் மூக்கி பக்கத்தில்தான் உட்கார்ந்தாள். நுனி லேசாகப் பிளந்தது. உள்ளிருந்து ஒரு மூச்சுப் போல அந்த வாடை வந்து அவள் தொண்டைக்குள் இறங்கியது. அவளுக்குத் தெரிந்த வாடை. வீட்டில் விட்டுவிட்டு ஓடிவந்த வாடை. கட்டைவிரல் நகம் தானாகவே போய் மொட்டின் காம்பில் அழுந்தியது. பட்டென்று கிள்ளிவிட்டாள். கிள்ளியதை இலையில் சுற்றி மக்குக்குழியில் போட்டு, மேலே சருகைத் தள்ளிவிட்டு, கையை மணல் போட்டுத் தேய்த்துத் தேய்த்துக் கழுவினாள்.

அடுத்த மொட்டையும் கிள்ளினாள். அதற்கு அடுத்ததையும். பிறகு அது பழக்கமாகிவிட்டது. பூத்ததா என்று பெரியக்கா கேட்டால், "பூத்துச்சுக்கா, என்னா நாத்தம்!" என்பாள். முகத்தை அவள் சுளிக்கிற அழகைப் பார்த்தால் யாருக்குத்தான் சந்தேகம் வரும்?

அவள் எதை விட்டு ஓடிவந்தாள் என்று சொல்ல வேண்டும் அல்லவா. அவள் புருஷன் கொத்தனார். சாரம் சரிந்து விழுந்ததில் கெண்டைக்காலில் கம்பி ஏறிவிட்டது. கம்பியை எடுத்தார்கள், புண் ஆறவில்லை. சைக்கிள் கடைக்கு மேலே மாடியில் அவர்கள் வீடு, ஒரே ஜன்னல். காலையும் மாலையும் கட்டைப் பிரித்து, சீழைத் துடைத்து, மருந்து வைத்துக் கட்டுவது மூக்கியின் வேலை. வாயால் மூச்சு விட்டுப் பார்த்தாள். சேலைத் தலைப்பை மூக்கில் கட்டிக்கொண்டு பார்த்தாள். ஒருநாள் தாங்க முடியாமல் குமட்டி, அவர் காலின் மேலேயே வாந்தி எடுத்துவிட்டாள். அந்த மனுஷர் கோபிக்கவில்லை. "விடும்மா, எனக்கே இந்தக் காலைப் பிடிக்கல, உனக்கு எப்படிப் பிடிக்கும்" என்று சிரித்தார். திட்டியிருந்தால்கூட இருந்திருப்பாள், கண்ணுகளா. அந்தச் சிரிப்பைத்தான் தாங்க முடியவில்லை. வேலை கிடைத்திருக்கிறது, அடிக்கடி வந்து பார்ப்பேன் என்று சொல்லிவிட்டுப் பையை எடுத்தவள்தான். ஒருதரமும் இறங்கிப் போகவில்லை.

இப்படி இருக்கையில் ஒரு முற்பகலில் கொட்டகை வாசலில் நாத்தனார் வந்து நின்றாள். கொத்தனாரின் தங்கை, தையல்காரி. ஊசியைவிட அவள் நாக்கு கூர்மை. மூச்சு வாங்க ஏறி வந்தவள், வாளியோடு எதிரே வந்த மூக்கியைப் பார்த்ததும் ஒரு கணம் திகைத்தாள். அப்புறம் புடவையைச் சரிசெய்துகொண்டாள்.

"சௌக்கியமா அண்ணி? காட்டுக் காத்து நல்லா ஒத்துக்கிச்சு போல. கன்னமெல்லாம் பளபளன்னு இருக்கு."

"வாம்மா" என்றாள் மூக்கி.

"உங்க வீட்டுல ஒருத்தர் இருந்தாரே, ஞாபகம் இருக்கா? உயரமா இருப்பாரு. இப்ப படுத்தே கிடக்கறதால எவ்வளவு உயரம்னு சொல்ல முடியல."

"எப்படி இருக்காரு?"

"அதைச் சொல்லத்தான் மலை ஏறி வந்தேன். உங்ககிட்ட இல்ல, உங்க பெரியக்காகிட்ட. எங்க அவங்க?"

பெரியக்கா உள்ளேயிருந்து பேசிக்கொண்டே வந்தாள். நாத்தனார் பெஞ்சில் உட்கார்ந்து, தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு, ஊர் நிலவரத்தை அவிழ்த்துவிட்டாள்.

"முடிப்பானுக்கு என்னதான் ஆச்சு? ஊருல ஒண்ணும் முடியலக்கா. நூலகம் திறக்க வந்த தலைவர் இன்னும் மேடையிலதான் இருக்காரு, நன்றி சொல்லிக்கிட்டே இருக்காரு. முடிவெட்டப் போனவன் கழுத்துத் துணியோட தெருவுல திரியறான். துணி துவைச்சா நுரை போக மாட்டேங்குது. சிரிப்பா இருக்குல்ல? எனக்கும் மொதல்ல சிரிப்பாத்தான் இருந்துச்சு. இப்ப மூக்கைப் பொத்தாம நடக்க முடியல. சாக்கடையில செத்த நாய் உப்புது, உப்பிக்கிட்டே இருக்கு, மக்க மாட்டேங்குது. அழுகின பழம் அழுகினபடியே நிக்குது. குழந்தைங்க மூக்கு ஒழுகறது நிக்கவே இல்ல. ஊரே ஒரு பெரிய புண்ணு மாதிரி ஆயிடுச்சு."

"அவரு காலு?" மூக்கி கேட்டாள்.

நாத்தனார் அவள் பக்கம் திரும்பாமலேயே பெரியக்காவிடம் சொன்னாள். "எங்க அண்ணன் காலு ஆறவும் இல்ல, அவரைக் கொண்டுபோகவும் இல்ல. தொடைக்க தொடைக்க சீழு. நான் தொடைக்கறேன். எனக்கும் குமட்டுது. எனக்கும் மூக்கு இருக்கு, அது யாருக்கும் தெரியறதில்ல."

பெரியக்கா இவ்வளவு நேரம் பேசாமல் இருந்ததே அதிசயம். "இங்க ஒழுங்காத்தானே பூக்குது" என்று மூக்கியைப் பார்த்தாள். மூக்கி வாளியைப் பார்த்தாள்.

அந்த நேரம் பார்த்துத்தான் மக்குக்குழிப் பக்கமிருந்து தூங்குமூஞ்சியின் குரல் வந்தது. "அக்கா, குழி வழியுது! போன மழைக்குப் போட்ட சருகு போட்ட மாதிரியே கிடக்கு. இன்னும் எங்க கொட்டறது?" சொல்லிக்கொண்டே மண்வாரியை விட்டுக் கிளறினார். கிளறியவர் மண்வாரியைப் போட்டுவிட்டு ஓடிவந்து மரத்தைப் பிடித்துக்கொண்டு ஓங்கரித்தார்.

எல்லாரும் போய்ப் பார்த்தார்கள். சருகுக்கு அடியில் மொட்டுகள். கறிக்கடைத் தரையில் தள்ளிவிட்ட ஈரல் குவியல் போல, ஒன்றன்மேல் ஒன்றாக, இப்போதுதான் கிள்ளியது போலக் கொழுகொழுவென்று மினுங்கின. மக்குவதும் ஒரு முடிவுதானே. அது எப்படி வரும்? காம்புகளில் புழு வைத்திருந்தது. அந்தப் புழுக்கள் ஈயாகிப் பறக்கவும் முடியாமல் செத்துப்போகவும் முடியாமல் புழுவாகவே பெருத்துப் பெருத்து, ஒன்றை ஒன்று ஏறி நெளிந்துகொண்டிருந்தன. ஒவ்வொரு காம்பிலும் பிறை மாதிரி ஒரு நகக்குறி.

மூக்கியின் கட்டைவிரலை எல்லாரும் பார்த்தார்கள்.

"பூத்துச்சுக்கா, என்னா நாத்தம்னு சொன்னியேடி" என்றாள் பெரியக்கா. குரல் ஏறவே இல்லை. ஓயாமல் பேசுகிறவள் இப்படிச் சின்னக் குரலில் பேசினால் அதைக் கேட்டுத் தாங்க முடியாது.

அவசரம்தான் முதலில் கத்தினார். "இவளை முதல்ல இறக்கி அனுப்புங்க! செடியை என்கிட்ட குடுங்க, நான் பார்த்துக்கறேன்."

"எப்படிடா அனுப்புவ?" என்றாள் பெரியக்கா. "பூ மலராம எதுவும் முடியாது. இவ வேலை மட்டும் முடிஞ்சிடுமா? கைமாத்தணும்னாலும் இவ கையில ஒருதரம் மலர்ந்தாகணும்."

மூக்கி அங்கேயே குத்துக்காலிட்டு உட்கார்ந்துவிட்டாள். குழியின் வாடை முகத்தில் அடித்தது. ஆனால் இப்போது அவளுக்குக் குமட்டியது வேறு ஒன்று. இத்தனை நாள் தன் நகத்துக்கு அடியில் கிடந்து அவர் கால் அழுகிக்கொண்டிருந்தது. அந்தக் கையால்தான் சாப்பிட்டாள், அந்தக் கையை மடித்துத் தலைக்கு வைத்துத்தான் தூங்கினாள்.

"அக்கா" என்றாள், "மலர்ந்தா எல்லாம் ஒரேயடியா முடியுமே. புண்ணு முடியுமா, அவரு முடிவாரா?"

"அது செடிக்குத் தெரியாது. எனக்கும் தெரியாது."

"அப்ப மலர விடலன்னா அவரு இருப்பாருல்ல? சீழோடயாவது இருப்பாருல்ல?"

இதைக் கேட்டதும் நாத்தனார் முதல்முறையாக அவள் எதிரே வந்து நின்றாள். முகத்தில் காறித் துப்பப் போகிறாள் என்றுதான் எல்லாரும் நினைத்தார்கள். துப்பவில்லை.

"நல்லா இருக்கு அண்ணி. தொடைக்கறது நானு, இருக்கட்டும்னு சொல்றது நீங்க." அப்புறம் குரல் இறங்கியது. "கிளம்பறப்ப அண்ணன்கிட்ட கேட்டுட்டுத்தான் வந்தேன். 'பூக்கச் சொல்லு, எந்தப் பக்கம் முடிஞ்சாலும் எனக்குச் சம்மதம், இப்படி நடுவுல கிடக்கறதுதான் அசிங்கமா இருக்கு'ன்னாரு. நீங்கதான் கிள்ளறீங்கன்னு அவருக்குத் தெரியாது. நானும் சொல்ல மாட்டேன். நீங்களே போய்ச் சொல்லுங்க, அதுவரைக்கும் அவரு இருந்தா."

கொடியில் ஒரு மொட்டு முற்றியிருந்தது. அன்றைக்கோ மறுநாளோ மூக்கி அதையும் கிள்ளியிருப்பாள். வெயில் உச்சிக்கு ஏறுகிற நேரம். அவள் போய் அதன் எதிரே சம்மணமிட்டு உட்கார்ந்தாள். தலைப்பை மூக்கில் கட்டப் போனவள், என்ன நினைத்தாளோ, விட்டுவிட்டாள். நாத்தனார் சற்றுத் தள்ளி ஒரு கட்டையில் உட்கார்ந்து, பையிலிருந்து ஒரு பாவாடையை எடுத்து விளிம்பு தைக்க ஆரம்பித்தாள். "இதைத் தைச்சுக்கிட்டே இருக்கேன், தைச்சுக்கிட்டே இருக்கேன், சுத்திச் சுத்தி வருது" என்று முணுமுணுத்தாள்.

மொட்டு பிளந்தது. சவ்வு கிழிவது போல ஒரு சத்தம். வெளியே பழுப்புச் சிவப்பு, உள்ளே இன்னும் கறுப்பு, நடுவில் ஒரு குழிவு. அதில் நீர் கோத்துக்கொண்டு நின்றது. வாடை அடுக்கடுக்காக வந்தது. முதலில் திரிந்த பால். அதற்குப் பின்னால் ஈரத்துணி. அதற்கும் பின்னால் செத்த எலி. எல்லாவற்றுக்கும் அடியில் அந்த மாடி அறை, பிரித்துப் போட்ட கட்டுத்துணி. ஈக்கள் வந்தன. பூவின் மேல் உட்கார்ந்து, அங்கிருந்து எழுந்து அவள் உதட்டில், கண்ணோரத்தில் உட்கார்ந்தன. விரட்டக் கூடாது. கை முழங்காலை இறுக்கிப் பிடித்துக்கொண்டது. கட்டைவிரல் மட்டும் துடித்துக்கொண்டே இருந்தது, பழக்கம் விடுமா?

பக்கவாட்டில் சாய்ந்து வாந்தி எடுத்தாள். துடைத்துக்கொண்டு நிமிர்ந்தாள். மறுபடி எடுத்தாள். வயிற்றில் ஒன்றும் மிச்சமில்லாமல் கசப்பு நீர் வந்தது. "தண்ணி குடிங்க அண்ணி" என்று பின்னாலிருந்து ஒரு சொம்பு நீண்டது. அந்தக் குரலில் குத்தல் இல்லை, இரக்கமும் இல்லை. நாத்தனாரும் மூக்கைப் பொத்திக்கொண்டுதான் இருந்தாள்.

பிறகு பூவின் விளிம்பு சுருண்டது. தொங்கியது. சளக்கென்று மண்ணில் விழுந்தது.

குழிப் பக்கம் பொலபொலவென்று ஒரு சத்தம். குவிந்துகிடந்த சருகு அப்படியே அமுங்கிக் கருமண்ணாக உட்கார்ந்தது. அதிலிருந்து ஒரு மேகம் போல ஈக்கள் எழும்பிப் போயின. ஊர்ப் பக்கத்தில் எத்தனையோ நாளாகக் காற்றில் கரகரத்துக்கொண்டிருந்த ஒலிபெருக்கி நின்றது. தலைவர் இறங்கிவிட்டார் போல. நாத்தனார் நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள். பாவாடையைத் தூக்கிப் பார்த்தாள், விளிம்பு முடிந்திருந்தது. அதை மடியில் போட்டுக்கொண்டு அவள் அழ ஆரம்பித்தாள். முடிந்தது பாவாடையோடு நின்றதா என்று அவளுக்கு எப்படித் தெரியும்?

இரண்டு பேரும் குன்றை விட்டு இறங்கினார்கள். தெருமுனையில் பழைய தபால்காரர் வீட்டுக் கதவு விரியத் திறந்திருந்தது. செருப்புகள் வாசலில் குவிந்திருந்தன. அவர் மகள் படியில் உட்கார்ந்திருந்தாள். நாத்தனாரைப் பார்த்ததும், "இப்பத்தான் அக்கா, அப்பா போயிட்டாரு" என்றாள். "எத்தனை நாளா தொண்டையில கரகரன்னு இழுத்துக்கிட்டே கிடந்தாரு. தண்ணி ஊத்தினா வெளிய வந்துடும். யாரு செஞ்ச பாவமோ, போக விடாம பிடிச்சு வெச்சிருந்துச்சு."

மூக்கி அங்கே நின்றாள். அந்த மகளின் கையைப் பிடிக்கப் போனவள் தன் கையைப் பார்த்துவிட்டு இழுத்துக்கொண்டாள். பூவின் வாடை அவள் சேலையில், முடியில், தோலில் ஏறியிருந்தது. அழுதுகொண்டிருந்த பெண்கூட முகத்தைத் திருப்பிக்கொண்டாள். பிறர் மூக்கைச் சுளித்துப் பார்ப்பது எப்படி இருக்கும் என்று மூக்கிக்கு அதுவரை தெரியாது.

சைக்கிள் கடை வாசலில் டியூப் ஒட்டிக்கொண்டிருந்தவன் நிமிர்ந்து, "யப்பா!" என்று நகர்ந்து வழிவிட்டான். மாடிப்படி. கதவு ஒருக்களித்திருந்தது. உள்ளே சத்தமே இல்லை. நாத்தனார் படியிலேயே நின்றுவிட்டாள். "நீங்க போங்க" என்றாள், "என்னால ஆகாது."

மூக்கி கதவைத் தள்ளினாள்.

கட்டிலில் அவர் கண்மூடிக் கிடந்தார். எலும்பும் தோலுமாக, வாய் லேசாகத் திறந்தபடி. அறை முழுக்க வாடை. அவள் அருகில் போய்க் குனிந்தாள். அவர் மூக்கு சுருங்கியது. பிறகு நெற்றி சுருங்கியது. கண்ணைத் திறக்காமலேயே முனகினார்.

"யாரும்மா அது? என் காலைவிட மோசமா நாறுது?"

"நான்தாங்க."

கண் திறந்தது. அவளை ஏற இறங்கப் பார்த்தார். "நீயா? உனக்கா இந்த நாத்தம்?" என்றார். சிரிப்பு வரவில்லை, உதடு மட்டும் ஒரு பக்கம் போனது.

அவள் பக்கத்தில் உட்கார்ந்து கட்டைப் பிரித்தாள். துணியோடு சேர்ந்து பழைய சதை பாளமாகக் கழன்று வந்தது. அதற்கு முன் எந்த நாளிலும் இல்லாத நாற்றம். அடியில், புண்ணின் ஓரத்தைச் சுற்றி, புதிதாக ஒரு தோல் ஓடியிருந்தது. வெங்காயச் சருகு போல மெல்லியது, இளஞ்சிவப்பு. தொட்டால் கிழிந்துவிடும்.

"முடிப்பான் மொட்டுகளையெல்லாம் கிள்ளினது நான்தான்" என்றாள் காலைப் பார்த்துக்கொண்டே. "நாத்தம் தாங்காம. ஊருல ஒண்ணும் முடியாம போனது என்னாலதான். தபால்காரர் அப்படி இழுத்துக்கிட்டு கிடந்ததும் என்னாலதான்."

அவர் இம்முறை "விடும்மா" என்று சொல்லவில்லை. முகத்தில் ஒரு சுளிப்பு வந்தது. வலியால் வந்தது இல்லை. ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். அந்தச் சுளிப்பு தனக்கு உரியது என்று மூக்கிக்குத் தெரிந்தது. பழைய சிரிப்பைவிட அது எவ்வளவோ தாங்கக்கூடியதாக இருந்தது.

படியில் நின்றிருந்த நாத்தனார் எட்டிப் பார்த்தாள். அண்ணன் கண் திறந்திருப்பதைக் கண்டதும் சுவரைப் பிடித்துக்கொண்டு கீழே உட்கார்ந்துவிட்டாள்.

மூக்கி வெந்நீரில் துணியை நனைத்துப் பிழிந்தாள். புண்ணின் மேல் வைத்ததும் வாடை ஆவியோடு எழும்பியது. அவளுக்குக் கண்ணில் நீர் முட்டியது, வயிறு மேலேறியது. அருவருப்பு எள்ளளவும் குறைந்திருக்கவில்லை. குறையும் என்று அவளிடம் யாரும் சொல்லவும் இல்லை. கையை எடுக்காமல் பல்லைக் கடித்துக்கொண்டு துடைத்தாள்.

அவள் துணியை மறுபடி நனைத்தபோது ஜன்னலைப் பார்த்தபடியே கொத்தனார் வாயைத் திறந்தார்.

"வாந்தி வந்தா வாளி அந்தப் பக்கம் இருக்கு. கால்ல எடுக்காத."

"சரிங்க" என்றாள் மூக்கி, வாளியைக் காலால் பக்கத்தில் இழுத்துக்கொண்டு.